குதிரையிலிருந்து இறங்கிய குதிரைப்படை: சிங்கப்பூர் நாட்குறிப்பு

வெள்ளி, ஃபேரர் பார்க்

கல்யாண வீட்டுக் கூட்டம் கலைந்துவிட்டது. விமானம் ஏற இன்னும் சில நாட்கள் இருப்பதால், நான் பார்க்க வேண்டிய இடங்களை மாமா ஒரு தாளில் எழுதி வைத்திருந்தார். குதிரைப்படையின் தடத்தைத் தேடப் போகிறேன் என்றதும் சிரித்துவிட்டார். "இங்கே ஏது மாப்பிள்ளை குதிரைப்படை? தட்டிவிட்டால் கடலில் போய் நிற்குமே!"

நான் ராணிப்பேட்டைக்காரன். ஊர்ப் பெயரைச் சொன்னால் இன்று தோல் பதனிடும் தொழில்தான் எல்லோர் நினைவுக்கும் வரும். வெள்ளைக்காரன் காலத்தில் அது குதிரைப்படை முகாம். பாலாற்றுக்கு அக்கரையில் ஆற்காடு. 1806 ஜூலை 10 அன்று விடியுமுன் வேலூர்க் கோட்டையில் சிப்பாய்கள் கிளர்ந்தெழுந்தார்கள். செய்தி ஆற்காட்டை எட்டியதும் கர்னல் கில்லெஸ்பி 19ஆம் டிராகூன் என்ற பிரிட்டிஷ் குதிரைப்படையோடு கிளம்பினார். குதிரை இழுக்கும் சிறு பீரங்கிகளும், சென்னைக் குதிரைப்படையைச் சேர்ந்த நம்மவர்களும் பின்னாலேயே போனார்கள். சுமார் 25 கிலோமீட்டர். அன்று காலையே கோட்டை வாசலில் போய் நின்றுவிட்டார்கள். உள்ளே இருந்தவர்கள் காவலை ஒழுங்கு செய்வதற்குள் கதவு பெயர்ந்தது. மடிந்த சிப்பாய்கள் நூற்றுக்கணக்கானோர்.

இந்தக் கதையில் சிறுவயது முதல் என்னை உறுத்துவது அந்த வேகம். எதிரி சுதாரிப்பதற்குள் போய் நிற்பதுதான் குதிரைப்படையின் பிழைப்பு. அதைக் குதிரைமேல் ஏறிச் செய்வதா, வேறெதன்மேல் ஏறிச் செய்வதா என்பது அப்புறம். அந்தப் பிழைப்பை யார் யார் குதிரையிடமிருந்து பறித்தார்கள் என்று பார்க்க, குதிரைப்படை ஓட இடமே இல்லாத இந்தத் தீவு வசதியான இடம் என்று எனக்குத் தோன்றுகிறது. மாமாவிடம் இதைச் சொல்லவில்லை.

தேக்கா சந்தையில் இடியாப்பம் சாப்பிட்டுவிட்டு ரேஸ் கோர்ஸ் ரோட்டில் நடந்தேன். மீன் தலைக் கறி வாசனை வரும் இந்தச் சாலைக்கு அப்பெயர் சும்மா வரவில்லை. 1842இல் தொடங்கிய பந்தயக் கழகம் 1843இல் தன் முதல் குதிரைப் பந்தயத்தை இந்தப் பக்கம்தான் நடத்தியது. 1933இல் பந்தயம் புக்கிட் தீமாவுக்கு மாறும்வரை ஃபேரர் பார்க் முழுக்கக் குதிரைகளின் பேட்டை. இப்போது சுற்றிலும் அடுக்குமாடிகள். திடல் சுருங்கிக்கொண்டே வருகிறது.

1911 மார்ச்சில் ஜோசஃப் கிறிஸ்தியான்ஸ் என்ற பெல்ஜியக்காரர் இந்தப் பந்தயத் திடலிலிருந்துதான் பிரிஸ்டல் பாக்ஸ்கைட் விமானத்தைக் கிளப்பினார். சிங்கப்பூர் வானில் பறந்த முதல் விமானம் அது. வேடிக்கை பார்க்க வந்தவர்களில் எத்தனை பேர் குதிரை வண்டியில் வந்திருப்பார்கள்! மூன்றே ஆண்டுகளில், 1914 செப்டம்பரில், பாரிசை நோக்கி வந்துகொண்டிருந்த ஜெர்மானியப் படை திசை திரும்புவதை விமானிகள் மேலிருந்து பார்த்துச் சொன்னார்கள். மார்ன் ஆற்றங்கரைப் போருக்கு அந்தத் தகவல் பெரிதும் உதவியது. எதிரி எங்கே இருக்கிறான் என்று பார்த்து வருவது அதுவரை குதிரைவீரனின் முதல் கடமை. முதலில் கைவிட்டுப் போனதும் அதுதான்.

இதே திடலில்தான் 1942 பிப்ரவரி 17 அன்று, சிங்கப்பூர் வீழ்ந்த மறு நாளுக்கு மறுநாள், இந்தியச் சிப்பாய்கள் 40,000 பேருக்கும் மேல் கூட்டப்பட்டு ஜப்பானியரிடம் ஒப்படைக்கப்பட்டார்கள். ஜப்பானிய மேஜர் ஃபுஜிவாராவும் இந்தியக் கேப்டன் மோகன் சிங்கும் பேசினார்கள். இந்திய தேசிய ராணுவம் முளைவிட்டது இங்கேதான். சரணடைந்த படைகளில் குதிரைப்படை ஒன்றும் உண்டு. அதைத் தேடித்தான் நாளை கிராஞ்சி.

சனி, கிராஞ்சி, புக்கிட் தீமா

கிராஞ்சி நிலையத்தில் இறங்கினால் எதிரே பிரம்மாண்டமான பந்தய மைதானம். 1999இல் புக்கிட் தீமாவிலிருந்து இங்கே வந்த பந்தயம், 2024 அக்டோபர் 5 அன்று கடைசியாக ஓடி முடிந்தது. நிலம் அரசுக்குத் திரும்புகிறது. வீடுகள் வரும். நான் அங்கே அதிக நேரம் நிற்கவில்லை.

போர்க் கல்லறைத் தோட்டம் அங்கிருந்து நடக்கும் தூரத்தில், ஒரு மேட்டில் இருக்கிறது. உச்சியில் விமான இறக்கை வடிவக் கூரையோடு நினைவு மண்டபம். புதைத்த இடம் தெரியாமல் போன 24,000க்கும் மேற்பட்டவர்களின் பெயர்கள் அதன் சுவர்களில் செதுக்கப்பட்டிருக்கின்றன. படை வாரியாக, பதவி வாரியாக. 3ஆம் குதிரைப்படையினரின் பெயர்களைத் தேடிக் கண்டுபிடிக்கக் கழுத்து வலித்துவிட்டது. கான், சிங், ராம் என்று முடியும் பெயர்கள். காலாட்படை என்றால் சிப்பாய், நாயக் என்று இருக்கும். இங்கே சவார், தஃபேதார், ரிசால்தார். குதிரை போன பிறகும் குதிரைக்காரப் பதவிகள் போகவில்லை. ஓர் எழுத்தின் குழிக்குள் பாசி படிந்திருந்ததை விரலால் துடைத்துப் பார்த்தேன். கல் வெயிலில் நன்றாகச் சுட்டது.

இந்தப் படையின் கதையை நம் ஊரில் அதிகம் பேர் பேசிக் கேட்டதில்லை. முதல் உலகப் போருக்குப் பிறகு 5ஆம், 8ஆம் குதிரைப்படைகளை ஒன்றாக்கி உருவாக்கியது. பிரிட்டிஷ் ராணுவம் 1928இலேயே 11ஆம் ஹுசார், 12ஆம் லான்சர் படைகளிடமிருந்து குதிரைகளை வாங்கிக்கொண்டு கவச கார்களைக் கொடுத்துவிட்டது. இந்தியாவில் அது தொடங்க 1938 ஆனது. சிந்து குதிரைப்படையும் 13ஆம் லான்சரும் முதலில் இறங்கின. பணம் ஒரு காரணம். பெருமை இன்னொரு காரணம், என் கணக்கில் அதுவே பெரிய காரணம். பிரிட்டனிலேயே ராயல் ஸ்காட்ஸ் கிரேஸ் படை 1941 வரை குதிரையை விடவில்லை.

இந்த மாற்றத்தில் கோப்புகளின் கூத்தும் உண்டு. அமெரிக்காவில் 1920ஆம் ஆண்டுச் சட்டம் டாங்கியைக் காலாட்படைக்கே ஒதுக்கியது. குதிரைப்படையும் டாங்கி வாங்கியது, ஆனால் 'போர்க் கார்' என்று கணக்கில் எழுதிக்கொண்டது. ஜப்பானியக் குதிரைப்படையும் தன் டாங்கிக்குக் 'கனரகக் கவச கார்' என்று பெயர் வைத்தது. நரியைப் பரியாக்கிய கதை கேட்டு வளர்ந்த எனக்கு இதில் வியப்பொன்றும் இல்லை.

3ஆம் குதிரைப்படை மலாயாவுக்கு வந்தபோது குதிரைகளை ஒப்படைத்து அதிக நாள் ஆகவில்லை. கவச வண்டிகளோ கூட வரவில்லை. பிறகு கிடைத்ததை வைத்துக்கொண்டு, ஓட்டப் பழகியும் பழகாமலும், 11ஆம் இந்திய டிவிஷனோடு வடக்கே நின்றார்கள். ஜப்பானியர் இறங்கிய 1941 டிசம்பர் 8 அன்று மலாயாவில் பிரிட்டிஷ் தரப்பிடம் ஒரு டாங்கிகூடக் கிடையாது. காடும் ரப்பர் தோட்டமும் நிறைந்த நாட்டில் டாங்கி எதற்கு என்பது அன்றைய ஞானம். தோட்டத்துக்கு நடுவே நம் சனங்கள் கல்லுடைத்துப் போட்ட அருமையான தார்ச்சாலைகள் ஓடுவதை மேலிடத்தில் யாரும் யோசிக்கவில்லை போலும்.

1942 ஜனவரி 7, ஸ்லிம் ரிவர். விடியுமுன் இருட்டில் ஜப்பானிய டாங்கிகள் சாலையோடு சாலையாகப் புகுந்தன. நின்று சண்டை போடவில்லை. சுட்டுக்கொண்டே ஓடின. காலைச் சாப்பாட்டு நேரத்துக்கெல்லாம் இரண்டு பிரிகேடுகள் சின்னாபின்னம். பாலம் அவர்கள் கையில். பின்னணியில் இருந்த படைகளுக்குத் தாக்குதல் நடப்பதே தெரியாது. இதைத்தான் நூற்றாண்டுகளாகக் குதிரைப்படையிடம் எதிர்பார்த்தார்கள்: முன்வரிசையில் ஓட்டை விழுந்தால் உள்ளே பாய்ந்து, நிற்காமல் ஓடி, எதிரியின் பின்புறத்தைக் கலக்குவது. முதல் உலகப் போர் முழுக்க மேற்கு முனையில் குதிரைகளைச் சேணம் கட்டிக் காத்திருந்தும் அந்த ஓட்டை விழவே இல்லை. முள்கம்பியும் இயந்திரத் துப்பாக்கியும் அடைத்துவிட்டன. குதிரையை டாங்கி விரட்டியது என்று பலரும் சொல்கிறார்கள். தப்பு. முள்கம்பி விரட்டிய பிறகு காலியாக இருந்த இடத்தில்தான் டாங்கி வந்து உட்கார்ந்தது.

டாங்கிக்குப் பின்னால் சைக்கிள்கள். ஜப்பானியக் காலாட்படை ஆயிரக்கணக்கான சைக்கிள்களில் வந்தது. தீனி வேண்டாம், லாடம் வேண்டாம், ஓடை குறுக்கிட்டால் தோளில் தூக்கிக்கொள்ளலாம். டயர் கிழிந்தால் வெறும் வளையத்தில் ஓட்டினார்கள். இரவில் அந்தக் கடகடச் சத்தத்தை டாங்கி என்று நினைத்து மிரண்டவர்கள் உண்டாம். 55 நாட்களில் ஜோகூர் பாரு வந்துவிட்டார்கள்.

170ஆம் எண் பஸ்ஸில் பழைய ஃபோர்டு தொழிற்சாலைக்கு வந்தேன். பிரிட்டிஷ் தளபதி பெர்சிவல் ஜப்பானியத் தளபதி யமஷிதாவிடம் 1942 பிப்ரவரி 15 அன்று சரணடைந்த அறை இங்கேதான். இப்போது அருங்காட்சியகம். சரணாகதிக்கு ஏன் ஒரு கார் தொழிற்சாலை என்று நான் யோசித்ததே இல்லை. தென்கிழக்காசியாவில் ஃபோர்டு நிறுவிய, பாகங்களைச் சேர்த்துக் கார் பூட்டும் முதல் ஆலை, 1941இல் திறந்தது. போரின்போது விமானப்படை இங்கே போர் விமானங்களைப் பூட்டியது. பிறகு ஜப்பானியர் ராணுவ லாரிகளைப் பூட்டினார்கள். அந்த நீள மேசை அறையில் நிற்கும்போது, தோற்றவரும் வென்றவரும் இருவருமே பெட்ரோலுக்குக் கட்டுப்பட்டவர்கள் என்பது எனக்கு உறைத்தது.

சிறைப்பட்ட 3ஆம் குதிரைப்படை அதிகாரிகளில் ஹரி பத்வார், தார்கல்கர் இருவரும் இந்திய தேசிய ராணுவத்தில் சேர மறுத்துக் கூண்டில் கிடந்தவர்கள். சேர்ந்தவர்களை வீரர்கள் என்று கொண்டாடும் ஊரில் வளர்ந்தவன் நான். சேராதவர்களின் பிடிவாதமும் சாதாரணமில்லை. இருவரும் பின்னர் சுதந்திர இந்தியாவின் ராணுவத்தில் உயர்ந்த பதவிக்கு வந்தார்கள்.

படையும் மறுபடி எழுந்தது. பிரிவினையின்போது கவசப் படைப்பிரிவுகளில் 12 இந்தியாவுக்கும் 6 பாகிஸ்தானுக்கும் போயின. 1965 செப்டம்பரில் பஞ்சாபின் அசல் உத்தர் கிராமத்தில், லெப்டினன்ட் கர்னல் சலீம் காலெப் தலைமையில் செஞ்சூரியன் டாங்கிகளோடு கரும்புத் தோட்டத்துக்குள் காத்திருந்தது இதே 3ஆம் குதிரைப்படை. தண்ணீர் பாய்ச்சிச் சேறாக்கிய வயலில் பாகிஸ்தானின் பேட்டன் டாங்கிகள் சிக்கின. இந்தியத் தரப்புக் கணக்கில் பாகிஸ்தான் இழந்தவை 97 டாங்கிகள். எதிரே வந்தவற்றிலும் பழைய குதிரைப்படைகளின் வாரிசுகள் இருந்தன. மலாயாவில் வண்டி இல்லாமல் இறக்கிவிடப்பட்ட படை, இருபது ஆண்டுகளுக்கும் மேல் கழித்து வண்டியை எப்படி நிறுத்தி வைப்பது என்று காட்டியது.

திரும்பும் வழியில் வாட்டர்லூ ஸ்திரீட். 1943 அக்டோபரில் இந்திய தேசிய ராணுவத்தின் மகளிர் பிரிவான ஜான்சி ராணிப் படையின் பயிற்சி முகாம் இந்தத் தெருவில் திறக்கப்பட்டது. குதிரைமேல் வாளோடு நிற்கும் ராணியின் பெயர், தோட்டப்புறங்களிலிருந்து வந்த தமிழ்ப் பெண்கள், கையில் துப்பாக்கி. குதிரை மட்டும் இல்லை. நேரமாகிவிட்டது, நிற்கவில்லை.

ஞாயிறு, தாம்சன் சாலை

நேற்று முழுக்கக் கல்லும் இரும்பும். இன்று உயிருள்ள குதிரை. போலோ கழகம் 1886இல் பிரிட்டிஷ் ராணுவ அதிகாரிகள் ஆரம்பித்தது. மணிப்பூரில் அவர்கள் கற்றுக்கொண்ட ஆட்டம், குதிரைப்படை முகாம்கள் வழியே உலகம் சுற்றியது. இங்கே உறுப்பினர் அல்லாதவன் வேலியோரம் நின்று பார்க்கலாம்.

பழுப்புக் குதிரை ஒன்றைக் குளிப்பாட்டிக்கொண்டிருந்தவர் நான் போனில் பேசிய தமிழைக் கேட்டுத் திரும்பினார். புதுக்கோட்டைப் பக்கம். "தண்ணீர் ஊற்றினால் மட்டும் போதாது அண்ணே, உடனே வழித்துவிட வேண்டும்" என்று வளைந்த தகடு ஒன்றால் முதுகிலிருந்து வயிறு வரை அழுத்தி இழுத்தார். தண்ணீர் தாரையாகக் கொட்டியது. இங்குள்ள ஈரக்காற்றில் வியர்வை காயாது, ஊற்றிய தண்ணீரும் உடம்பிலேயே நின்றால் சூடாகிவிடும், அதனால் ஊற்றுவதும் வழிப்பதுமாக மாறி மாறிச் செய்ய வேண்டுமாம். பிறகு முன்னங்காலைத் தூக்கித் தன் தொடைமேல் வைத்து, குளம்பின் பிளவில் இருந்த மண்ணைக் கொக்கியால் தோண்டினார். முகர்ந்தும் பார்த்தார். அழுகல் நாற்றம் வந்தால் குதிரைக்கு ஓய்வு. வெயில் நாளில் ஒரு குதிரை நாற்பது லிட்டர் தண்ணீர்கூடக் குடிக்கும் என்றார்.

இதைக் கேட்டதும் எனக்குப் பாலஸ்தீனத்துப் பீர்ஷீபா நினைவு வந்தது. 1917 அக்டோபர் 31 அன்று ஆஸ்திரேலியக் குதிரைப்படையின் 4ஆம் பிரிகேடு, வாள்கூட இல்லாமல் துப்பாக்கிக் கத்தியைக் கையில் பிடித்துக்கொண்டு பாய்ந்தது. அவசரத்துக்குக் காரணம் அந்த ஊரின் கிணறுகள். தண்ணீர் காணாத குதிரைகள் பின்னால் நின்றன. அடுத்த ஆண்டு செப்டம்பர் 23 அன்று ஹைஃபாவில் ஜோத்பூர் லான்சரும் மைசூர் லான்சரும் இயந்திரத் துப்பாக்கிகளை நோக்கி மலையேறி ஊரைப் பிடித்தன. ஆக, குதிரை முற்றிலும் தோற்றுவிடவில்லை. பாலஸ்தீனத்தின் திறந்த வெளியில் வென்றது, பிரான்சின் சேற்றில் முடங்கியது. ஆனால் சாப்பிட்டது இரண்டு இடத்திலும் ஒன்றுதான். பிரிட்டன் தன் படைக்காகப் பிரான்சுக்கு அனுப்பிய வெடிகுண்டுகளைவிடத் தீவனத்தின் எடை அதிகம். லாரி நின்றால் பெட்ரோல் குடிக்காது. குதிரை நின்றாலும் தின்னும். சேனாதிபதிகளைவிடக் கப்பல் கணக்குப் பார்த்த குமாஸ்தாக்கள்தான் குதிரையின் கதையை முடித்திருப்பார்கள் என்று நான் நினைக்கிறேன்.

கொடுமையான கணக்கு ஒன்றும் உண்டு. அந்தப் போருக்கு ஆஸ்திரேலியா அனுப்பிய குதிரைகள் சுமார் 1,36,000. ஊர் திரும்பியது ஒன்றே ஒன்று, சாண்டி என்று பெயர். புதுக்கோட்டைக்காரரிடம் இதைச் சொன்னேன். "விமானச் செலவு யார் தருவார்?" என்றார், கேலியே இல்லாமல். இந்தக் கொட்டடியில் இருப்பவையும் ஆஸ்திரேலியா, நியூசிலாந்து, அர்ஜென்டினா என்று விமானத்தில் வந்தவைதானாம்.

போலந்துக்காரர்கள் ஈட்டியோடு டாங்கிமேல் பாய்ந்தார்கள் என்ற கதையை இன்னும் நம்புகிறவர்கள் இருக்கிறார்கள். 1939 செப்டம்பர் 1 அன்று குரோயாண்டியில் அவர்கள் பாய்ந்தது ஓய்வெடுத்துக்கொண்டிருந்த ஜெர்மானியக் காலாட்படைமேல். அதைச் சிதறவும் அடித்தார்கள். பிறகு வந்த கவச வண்டிகள்தான் சுட்டன. கேலி செய்த ஜெர்மானியர்களோ அந்தப் போர் முழுக்க பீரங்கியையும் சோற்றையும் லட்சக்கணக்கான குதிரைகளை வைத்தே இழுத்தார்கள்.

ஸ்லிம் ரிவருக்கு ஒன்பது நாள் கழித்து, 1942 ஜனவரி 16 அன்று, பிலிப்பைன்சின் மோரோங் கிராமத்தில் 26ஆம் குதிரைப்படை ஜப்பானியர்மேல் பாய்ந்தது. அமெரிக்க ராணுவத்தின் கடைசிக் குதிரைப் பாய்ச்சல். பட்டான் முற்றுகையில் சோறு தீர்ந்ததும் அந்தக் குதிரைகளை அறுத்துச் சாப்பிட்டுவிட்டார்கள்.

திங்கள், வீட்டில்

காலையிலிருந்து மழை. ஜூரோங்கில் உள்ள ராணுவ அருங்காட்சியகம் போகும் யோசனையை விட்டாயிற்று. மாமாதான் ஆரம்பித்தார். "டாங்கியைப் பற்றி எழுத வந்துவிட்டு, டாங்கி ஓட்டினவனை ஒரு வார்த்தை கேட்கவில்லையே!" அலமாரியின் மேல்தட்டிலிருந்து ஓர் ஆல்பம் இறங்கியது. எழுபதுகளில் தேசிய சேவையின்போது அவர் ஏஎம்எக்ஸ்-13 டாங்கி ஓட்டுநர். படத்தில் மெலிந்த பையன் ஒருவன் மூடிக்கு வெளியே தலையை நீட்டிக்கொண்டிருக்கிறான்.

1968இல் இஸ்ரேலிடமிருந்து சிங்கப்பூர் வாங்கிய 72 பழைய பிரெஞ்சு டாங்கிகள். 1969 தேசிய தின அணிவகுப்பில் 18 டாங்கிகள் உருண்டு வந்தன. மலேசியாவிடம் அப்போது டாங்கி கிடையாது. குதிரைப்படை அணிவகுத்தால் குடிமக்கள் கைதட்டுவார்கள், அண்டை நாட்டுத் தூதர் எண்ணிப் பார்ப்பார். அந்தப் பழைய வேலையை அன்று டாங்கி செய்தது.

"உயரமானவர்களை எடுக்கமாட்டார்கள். எனக்கு இடது பக்கம் இரும்புச் சுவர், வலது பக்கம் எஞ்சின். மூடியைச் சாத்தினால் வேகவைத்த மாதிரிதான்" என்றார் மாமா. உள்ளே மூன்று பேர். குண்டை நிரப்ப ஆள் கிடையாது. பீரங்கிக்குப் பின்னால் இரண்டு உருளைகள், ஒவ்வொன்றிலும் ஆறு குண்டுகள். சுட்டதும் அடுத்தது தானாக இறங்கும். பீரங்கியை உயர்த்த வேண்டுமென்றால் கோபுரத்தின் மேல்பாதி மொத்தமும் சாயும். பன்னிரண்டும் தீர்ந்தால் மறைவிடத்துக்கு ஓட வேண்டும், வெளியே இறங்கித்தான் நிரப்ப முடியும். கனமான டாங்கியோடு நேருக்கு நேர் நின்றால் செத்தோம், அடித்துவிட்டு ஓடுவதுதான் பாடம் என்றார். மாமாவுக்கு யாரும் சொல்லிக் கொடுக்காவிட்டாலும் அது அசல் குதிரைப்படைப் பாடம்.

இன்று அதன் இடத்தில் லியோபார்ட் டாங்கிகளும் ஹன்டர் கவச வண்டிகளும் இருக்கின்றன. அவை ஓடிப் பழக இந்தத் தீவு போதாது. ஆஸ்திரேலியாவின் ஷோல்வாட்டர் பேக்குப் போகிறார்கள். இந்தியாவில் ஜான்சி மாவட்டத்துப் பபினாவுக்கும் போயிருக்கிறார்கள்.

பேச்சு ஜெய்ப்பூரின் 61ஆம் குதிரைப்படைக்குத் திரும்பியது. சமஸ்தானங்களின் குதிரைப்படைகளைச் சேர்த்து 1953இல் எழுப்பியது. இன்றும் நிஜக் குதிரைகள் உள்ள படை. குடியரசு தின அணிவகுப்பில் முன்னால் வருவது அதுதான். 2020இல் அதையும் டாங்கிப் படையாக்கும் யோசனை அடிபட்டது. நல்ல யோசனை என்றேன் நான். பாரம்பரியம் வேண்டுமென்றால் ஆற்காட்டு நவாபின் குதிரைப்படையிலிருந்து வந்த 16ஆம் குதிரைப்படையிடம் இருக்கிறது. தென்னாட்டவர் நிறைந்த அந்தப் படை 1965இல் சியால்கோட் முனையில் டாங்கியில் நின்று போரிட்டது. போலோவுக்கும் அணிவகுப்புக்கும் குதிரை வேண்டுமென்றால் விளையாட்டுத் துறை வளர்க்கட்டும், ராணுவச் செலவில் எழுத வேண்டாம்.

டாங்கிக்காரர் என் பக்கம் நிற்பார் என்றுதான் நினைத்தேன். அவர் ஆல்பத்தை மூடிவிட்டார். "2001இல் ஆப்கானிஸ்தானில் அமெரிக்க அதிரடிப் படையே குதிரையில்தானே போனது? ரோடு இல்லாத இடத்தில் என்ன செய்வாய்? குதிரை வளர்க்கத் தெரிந்த ஆட்களைக் கலைத்துவிட்டால் திரும்பச் சேர்க்க முடியாது மாப்பிள்ளை."

மலைக்குக் கோவேறு கழுதைப் படை தனியாக இருக்கிறதே, அதற்கு எதற்கு ஜெய்ப்பூரில் ஈட்டியும் தலைப்பாகையும் என்றேன். கழுதை சுமக்கும், சவாரி பழக்குமா என்றார். அத்தை வந்து சாப்பிடக் கூப்பிட்டும் இருவரும் எழுந்திருக்கவில்லை. மாமா இன்னும் ஒப்புக்கொள்ளவில்லை. நானும்தான்.